போகியத்துக்கு இருக்கும் வீட்டைக் காலி செய்யச் சொல்லி ஸ்டேஷனிலிருந்து போன் வந்தால் எந்தக் கதவைத் தட்டுவது?

2024 ஆகஸ்டில் ஒரு வியாழக்கிழமை, மாலை ஆறரை மணிக்கு என் பெரியம்மாவின் கைபேசி அடித்தது. "உங்கள் பேரில் ஒரு அர்ஜி வந்திருக்கிறது. நாளைக் காலை பத்து மணிக்கு ஸ்டேஷனுக்கு வந்துவிடுங்கள்." கன்னடத்தில் இவ்வளவுதான். அர்ஜி என்றால் மனு. யார் கொடுத்த அர்ஜி, எதைப் பற்றி, பேசுகிறவர் பெயர் என்ன, எதுவும் சொல்லவில்லை. பெரியம்மாவுக்கு 71 வயது. அடுப்பில் வைத்த பாலை மறந்துவிட்டு எனக்குப் போன் செய்தார். "நான் யாரிடமும் ஒரு ரூபாய் கடன் வாங்கியதில்லையேப்பா" என்றுதான் முதலில் சொன்னார்.

பெங்களூரில் இல்லாதவர்களுக்காகப் போகியத்தைப் பற்றி இரண்டு வரி. வீட்டுக்காரரிடம் ஒரு பெருந்தொகையை மொத்தமாகக் கொடுத்துவிட வேண்டும். மாத வாடகை கிடையாது. காலி செய்யும் நாளில் அதே தொகை வட்டியில்லாமல் திரும்பி வரும். ஊர்ப் பக்கம் ஒத்தி என்பார்கள். ஓய்வுபெற்றபின் மாத வருமானம் இல்லாத பலருக்குக் கையில் உள்ள சேமிப்பே வாடகையாகிவிடுகிறது. பெரியம்மா 2019-இல் ஒன்பது லட்சம் கொடுத்து, கண்டோன்மென்ட் பகுதியில் ஒரு சந்து வீட்டின் மாடிக்குக் குடிபோனார். மூன்று வருட ஒப்பந்தம் முத்திரைத்தாளில் எழுதி நோட்டரி கையெழுத்தோடு நின்றுவிட்டது, பத்திரப் பதிவு செய்யவில்லை. வீட்டுக்காரர் காலமானார். மகன்கள் வீட்டை விற்றார்கள், பெரியம்மாவின் பணத்தைத் திருப்பவில்லை. வாங்கியவருக்கு மாடி காலியாக வேண்டும். அவர் கோர்ட்டுக்குப் போகவில்லை, ஸ்டேஷனுக்குப் போனார்.

அன்று இரவு எங்கள் வீட்டில் ஆளுக்கொரு வழி சொன்னார்கள். போய்ப் பேசி முடித்துவிடலாம் என்றார் மாமா. போகவே வேண்டாம், போனை அணைத்து வை என்றான் அண்ணன். கமிஷனருக்கே மனு கொடுக்கலாம் என்றார் பக்கத்து வீட்டுக்காரர். உயர் நீதிமன்றம், சிவில் கோர்ட், நாமே மகன்கள் மேல் மோசடிப் புகார் கொடுப்பது என்று பேச்சு நள்ளிரவு வரை நீண்டது. அதன்பின் பத்து மாதம் இந்த வழிகளில் பாதியை நாங்களே நடந்து பார்த்தோம், மீதியை வக்கீல்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டோம். இதே போன் நாளை யாருக்கு வேண்டுமானாலும் வரலாம் என்பதால் எழுதுகிறேன்.

போலீஸின் கையில் என்ன இருக்கிறது

வழியைத் தேர்ந்தெடுப்பதற்கு முன் இது தெரிந்திருக்க வேண்டும். பாதிப் பயம் இங்கேயே தெளிந்துவிடும். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா இருக்கிறது. பிடியாணை இல்லாமல் கைது செய்யக்கூடிய குற்றம் நடந்ததாகப் புகார் வந்தால் அதன் 173-ஆம் பிரிவின்படி முதல் தகவல் அறிக்கை (எஃப்.ஐ.ஆர்.) பதிய வேண்டும். பதிந்தபின் போலீஸின் கை நீளமானது. ஆவணம் கேட்கலாம், சாட்சிகளை அழைக்கலாம், தேவைப்பட்டால் கைதும் செய்யலாம். அந்த வகையில் சேராத சிறு குற்றம் என்றால் 174-ஆம் பிரிவு; மாஜிஸ்திரேட்டின் உத்தரவில்லாமல் விசாரணையே கூடாது. குற்றமே இல்லாத, வெறும் பணமும் வாடகையும் பாகப்பிரிவினையும் சார்ந்த தகராறு என்றால் அதில் இன்ஸ்பெக்டருக்கு நாற்காலியே கிடையாது.

நடைமுறையில் மூன்றுக்கும் நடுவே "அர்ஜி விசாரணை" என்று ஒன்று ஓடிக்கொண்டிருக்கிறது. தமிழ்நாட்டில் மனு ரசீது என்று சி.எஸ்.ஆர். கொடுப்பார்கள், பெங்களூரில் என்.சி.ஆர். என்பார்கள். எஃப்.ஐ.ஆர். இல்லாமலே இரு தரப்பையும் உட்கார வைத்துப் பேசுவது இந்தத் தாளின் பேரில்தான். எல்லா அர்ஜி விசாரணையும் தவறில்லை. நடந்தது குற்றமா இல்லையா என்றே தெரியாத புகாரில் கொஞ்சம் விசாரித்துப் பார்க்கலாம் என்று 2013-இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. வியாபாரத் தகராறு, குடும்பத் தகராறு போன்றவற்றை அதற்கு உதாரணமாகவும் காட்டியது. ஆனால் அந்த விசாரணை குற்றம் உண்டா என்று பார்ப்பதோடு முடிய வேண்டும். வீட்டைக் காலி செய்ய நாள் குறிப்பது அதில் வராது.

அழைப்பதற்கும் முறை இருக்கிறது. விசாரணைக்குச் சாட்சியாக அழைப்பதென்றால் 179-ஆம் பிரிவின்படி எழுத்தில் ஆணை வேண்டும். பெண்களையும் 60 வயது தாண்டிய ஆண்களையும் அவர்கள் குடியிருக்கும் இடத்தைவிட்டு வேறெங்கும் வரச்சொல்லக் கூடாது என்று அதே பிரிவு சொல்கிறது. குற்றம் சாட்டப்பட்டவர் என்றால் 35(3)-இன் கீழ் நோட்டீஸ். அதை வாட்ஸ்அப்பிலோ வேறு மின்னணு வழியிலோ அனுப்பினால் செல்லாது என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. வியாழக்கிழமை மாலை வந்த போன் இந்த இரண்டிலும் சேராது.

போய்ப் பேசி முடிப்பது

மாமா சொன்ன இந்த வழியைத்தான் நாங்கள் முதலில் எடுத்தோம். பயம்தான் காரணம்.

இந்த வழிக்கும் பயன் உண்டு. அட்வான்ஸில் இருபதாயிரத்தைப் பிடித்துக்கொண்ட வீட்டுக்காரர், ஸ்டேஷனில் கூப்பிட்டுக் கேட்டதும் ஒரே காலையில் திருப்பிக் கொடுத்ததை நான் பார்த்திருக்கிறேன். சிறு தொகை, இரு தரப்பும் ஏறத்தாழ சம பலம், ஏட்டு நல்ல மனிதர் என்று மூன்றும் சேர்ந்தால் இதைவிட வேகமான வழி இல்லை. செலவும் இல்லை.

எங்களுக்கு மூன்றில் ஒன்றும் வாய்க்கவில்லை. ஸ்டேஷனில் எழுத்து வேலை பார்க்கும் ரைட்டரின் மேஜைக்கு எதிரே இரண்டு பிளாஸ்டிக் நாற்காலிகள். ஒன்றில் வீட்டை வாங்கியவர் முன்பே உட்கார்ந்திருந்தார், அவர் முன்னால் காபித் தம்ளர் இருந்தது. எங்களை யாரும் ஒன்றும் கேட்கவில்லை. ஒரு தாளை நீட்டினார்கள். முச்சலிக்கை. நம் தாத்தா காலத்துத் தமிழில் ஒப்புதல் பத்திரத்துக்கு இருந்த அதே சொல், கன்னடத்தில் இன்றும் புழக்கத்தில் இருக்கிறது. முழுதும் கன்னடம். பெரியம்மா 46 வருடமாக பெங்களூரில் இருக்கிறார், கன்னடம் தண்ணீர்பட்ட பாடு, ஆனால் எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியாது. "தமிழிலேயே கையெழுத்துப் போடுங்கள், பரவாயில்லை" என்றார் ரைட்டர். பேனாவை எடுத்துக் கையில் கொடுத்தும் விட்டார்.

நான் விரல் வைத்து ஒவ்வொரு எழுத்தாகப் படித்தேன். மூன்றாம் வரியில் "ஸ்வ இச்செயிந்த" என்று இருந்தது. சொந்த விருப்பத்தின்பேரில். சொந்த விருப்பத்தின்பேரில் பதினைந்து நாளில் மாடியைக் காலி செய்கிறேன், போகியத் தொகை குறித்து முன்னாள் வீட்டுக்காரரின் வாரிசுகளிடம் தனியாகப் பேசிக்கொள்கிறேன், இது விஷயமாக யார் மீதும் எனக்குப் புகார் இல்லை. ஒன்பது லட்சம் என்ற எண் அந்தத் தாளில் எங்கும் இல்லை.

இந்த முச்சலிக்கைக்குச் சட்டத்தில் என்ன மதிப்பு என்று பிறகு கேட்டேன். அது தீர்ப்பாகாது, அதை வைத்து ஸ்டேஷன் யாரையும் வெளியேற்ற முடியாது. ஆனால் எதிராளி நாளைக்கு கோர்ட்டில் அதை எடுத்து வைத்து, "இவரே ஒப்புக்கொண்டார் பாருங்கள்" என்பார். ஆக, எழுதிக் கொடுத்தவருக்கு அதனால் ஒரு பாதுகாப்பும் இல்லை, வாங்கி வைத்தவருக்கு ஆயுதம். எஃப்.ஐ.ஆர். போட்டு முறையாக நடக்கும் விசாரணையில் போலீஸ் எழுதும் வாக்குமூலத்தில் கையெழுத்தே வாங்கக் கூடாது என்று 181-ஆம் பிரிவு சொல்கிறது. கொலை வழக்கின் சாட்சிக்கு இருக்கும் அந்தப் பாதுகாப்பு, எஃப்.ஐ.ஆர். இல்லாமல் மேஜையோரத்தில் உட்கார வைக்கப்பட்ட ஒரு மூதாட்டிக்கு இல்லாமல் போவதை எப்படிப் பொறுத்துக்கொள்வது?

நாங்கள் கையெழுத்துப் போடவில்லை. "நகல் கொடுங்கள், வக்கீலிடம் காட்டிவிட்டுப் பதில் தருகிறோம்" என்றேன். நகல் தரவில்லை. குரல் உயர்ந்தது. பெரியம்மாவின் கை நடுங்கியது எனக்கு இன்னும் மறக்கவில்லை. ஆனாலும் எழுந்து வந்துவிட்டோம்.

போகாமல் இருப்பது, எழுதிக் கொடுப்பது

போனை அணைத்து வைக்கும் யோசனை சட்டப்படி சரியாகத் தோன்றும். போனில் அழைத்தால் போக வேண்டிய கட்டாயம் இல்லை. ஆனாலும் பரிந்துரைக்க மாட்டேன். நமக்குத் தெரியாமல் எஃப்.ஐ.ஆர். பதிந்திருந்தால், ஒத்துழைக்கவில்லை என்ற குறிப்பு நமக்கு எதிராகப் போகும். பிடிவாதத்துக்கும் உரிமைக்கும் இடையே உள்ள வித்தியாசத்தைத் தாளில்தான் காட்ட முடியும்.

அதனால் எழுதிக் கொடுப்பதுதான் எந்த வழியில் போவதற்கும் முன் எடுக்க வேண்டிய அடி. ஸ்டேஷனுக்குப் போய்வந்த அன்றே ஒரு பக்கக் கடிதம் எழுதினோம். நேற்று இத்தனை மணிக்கு இன்ன எண்ணிலிருந்து அழைப்பு வந்தது. இன்று காலை வந்து இவ்வளவு நேரம் இருந்தோம். இது வீட்டையும் பணத்தையும் பற்றிய உரிமையியல் தகராறு. குற்றப் புகார் ஏதும் இருந்தால் நகலும் எழுத்து மூலமான நோட்டீஸும் தாருங்கள், முழுதாக ஒத்துழைக்கிறோம். 71 வயதுப் பெண் என்பதால் விசாரணையை அவர் வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள். இதில் ஒரு கடுஞ்சொல் இல்லை. ஒரு பிரதி ஸ்டேஷனில் கொடுத்து முத்திரையோடு ஒப்புகை கேட்டோம், தயங்கினார்கள். உடனே தபால் நிலையம் போய்ப் பதிவுத் தபாலில் ஸ்டேஷனுக்கும் துணை ஆணையர் அலுவலகத்துக்கும் அனுப்பினோம்.

வந்த தேதியையும் நேரத்தையும் எழுதியதற்குக் காரணம் இருக்கிறது. எல்லா ஸ்டேஷன்களிலும் ஒலியோடு பதிவு செய்யும் கேமராக்கள் இருக்க வேண்டும், பதிவுகளை 18 மாதம் வைத்திருக்க வேண்டும், அது முடியாத இடத்திலும் ஒரு வருடத்துக்குக் குறையக் கூடாது என்று 2020 டிசம்பரில் பரம்வீர் சிங் சைனி வழக்கில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. பின்னால் அந்தப் பதிவைக் கேட்க வேண்டி வந்தால் தேதியும் மணியும் கையில் இருக்க வேண்டும்.

அந்தக் கடிதத்துக்குப்பின் அழைப்பு வரவில்லை. எல்லோருக்கும் அப்படி நின்றுவிடும் என்று சொல்ல மாட்டேன்.

மேலதிகாரி, புகார் ஆணையம்

பெங்களூரில் கமிஷனர் முறை. இன்ஸ்பெக்டருக்கு மேல் உதவி ஆணையர், துணை ஆணையர், அதற்கு மேல் இன்ஃபன்ட்ரி சாலையில் இருக்கும் கமிஷனர் அலுவலகம். துணை ஆணையருக்கு எழுதும் மனு உண்மையிலேயே உதவக்கூடியது. ஸ்டேஷனில் நடப்பது மேலே தெரிந்துவிட்டது என்ற எண்ணமே பல கைகளைக் கட்டிப்போடும். செலவு தபால் கட்டணம் மட்டும்.

அதற்கு அப்பால் உள்ளவை மெதுவானவை. 2006-இல் பிரகாஷ் சிங் வழக்கின் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் ஒவ்வொரு மாநிலத்திலும் போலீஸ் புகார் ஆணையம் வேண்டும் என்றது. கர்நாடகத்திலும் இருக்கிறது. மனித உரிமை ஆணையத்துக்கு ஒரு வருடத்துக்குள் புகார் செய்யலாம், அது பரிந்துரைதான் செய்ய முடியும். இவை அதிகாரி செய்த தவறைப் பற்றியவை. தவறு நடந்திருந்தால் கட்டாயம் போக வேண்டும், அடுத்தவருக்கு நடக்காமலிருக்கவாவது. ஆனால் பெரியம்மாவின் ஒன்பது லட்சம் அங்கிருந்து வராது. லஞ்சம் கேட்டிருந்தால் மட்டும் கதை வேறு. அதற்கு லோகாயுக்தா இருக்கிறது. 2022 ஆகஸ்டில் ஊழல் தடுப்புப் பிரிவைக் கலைத்து உயர் நீதிமன்றம் அந்த அதிகாரத்தை லோகாயுக்தாவுக்கே திருப்பித் தந்தது. பணம் கேட்டால் கொடுப்பதற்கு முன்பே அங்கே போக வேண்டும்.

நாமே போலீஸிடம் போவது

இது அண்ணனின் இரண்டாவது யோசனை. பணத்தைத் திருப்பாத மகன்கள் மேல் மோசடிப் புகார் கொடுத்தால் அவர்கள் பயந்து கொடுப்பார்கள். எனக்கும் முதலில் ஆசையாகத்தான் இருந்தது. யோசிக்க யோசிக்க வெட்கமாக இருந்தது. எதிராளி நமக்குச் செய்ததையே நாம் வேறொருவருக்குச் செய்வதாக ஆகிறது.

நெறியை விடுங்கள், சட்டமும் இதில் தெளிவாக இருக்கிறது. வாக்குக் கொடுத்துவிட்டுப் பின்னால் காப்பாற்றாமல் போவது மோசடி ஆகாது. பணம் வாங்கும் அந்த நொடியிலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும். 2000-இல் ஹிருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கில் சொல்லப்பட்டது இது. 2006-இல் இந்தியன் ஆயில் வழக்கில், உரிமையியல் தகராறுகளைக் குற்ற வழக்காக மாற்றிப் பணம் வசூலிக்கும் போக்கை உச்ச நீதிமன்றம் கண்டித்தது. 2024 ஆகஸ்டில் டெல்லி ரேஸ் கிளப் வழக்கில் மோசடிக்கும் நம்பிக்கை மோசடிக்கும் உள்ள வேறுபாடு போலீஸுக்கு இன்னும் புரியவில்லையே என்று வருந்தியது. 2025 ஏப்ரலில் உத்தரப் பிரதேச வழக்குகளில் அப்போதைய தலைமை நீதிபதி சஞ்சீவ் கன்னா, அங்கே சட்டத்தின் ஆட்சியே முற்றாகச் சீர்குலைந்துவிட்டது என்ற அளவுக்குப் பேசினார். அதே மாதம் உரிமையியல் தகராறில் எஃப்.ஐ.ஆர். போட்டதற்காக அம்மாநில அரசுக்கு 50,000 ரூபாய் செலவுத்தொகையும் விதிக்கப்பட்டது. இருபது வருடமாக ஒரே விஷயத்தைத் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது.

பெரியம்மாவிடம் பணம் வாங்கியவர் இறந்துபோன வீட்டுக்காரர். மூன்று வருடம் ஒழுங்காகக் குடியிருக்க விட்டவர். அவருக்கு ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்று நாங்கள் சத்தியமாகச் சொல்ல முடியாது.

ஆனால் இதே நகரத்தில் வேறு விதமான போகியக் கதைகளும் உண்டு. ஒரே வீட்டை மூன்று பேருக்குப் போகியத்துக்கு விடுவது, வீட்டுக்காரருக்கே தெரியாமல் இடைத்தரகர் தானே வீட்டுக்காரர் போல எழுதிக் கொடுப்பது, பொய்ப் பத்திரம் காட்டுவது. இவை முதல் நாளே குற்றம். இங்கே போலீஸைத் தவிர்ப்பதுதான் தவறு. வங்கிக் கணக்கு எங்கே போனது, போலிப் பத்திரம் யார் அச்சடித்தார் என்று தோண்டி எடுக்கும் கருவிகள் போலீஸிடம்தான் இருக்கின்றன, சிவில் கோர்ட்டிடம் இல்லை. ஸ்டேஷனில் எஃப்.ஐ.ஆர். பதிய மறுத்தால் துணை ஆணையருக்கு எழுதலாம், அதற்கும் பலனில்லை என்றால் 175(3)-இன் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். குற்ற வழக்கு நடப்பதால் சிவில் வழக்குக்குத் தடையில்லை, இரண்டும் சேர்ந்தே நடக்கலாம்.

அதேபோல, எதிராளி பூட்டை உடைத்தாலோ, தண்ணீர் இணைப்பைத் துண்டித்தாலோ, ஆள் அனுப்பி மிரட்டினாலோ தயங்காமல் 112-ஐ அழைக்க வேண்டும். அது போலீஸின் வேலை. அப்போது போலீஸ் நமக்குத் தேவை.

சிவில் கோர்ட்

கடைசியில் எங்களைக் காப்பாற்றியது இதுதான். ஆகவே கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

எங்கள் பகுதிக்கு எம்.ஜி. சாலையில் உள்ள மேயோ ஹால் கோர்ட். வக்கீல் ஆவணங்களைப் பார்த்துவிட்டு முதலில் கேட்டது போகிய ஒப்பந்தத்தை அல்ல, வங்கிப் புத்தகத்தைத்தான். ஒன்பது லட்சமும் வங்கி வழியாகப் போயிருந்தது. அந்த இரண்டு வரி பதிவு, நூறு சாட்சிக்குச் சமம் என்றார். ரொக்கமாகக் கொடுத்தவர்களின் நிலையை நினைத்தால் வயிறு கலங்குகிறது.

இரண்டு கோரிக்கைகளை அவர் பிரித்துக் காட்டினார். ஒன்று, சட்டப்படியான வழியில் அல்லாமல் பெரியம்மாவை வெளியேற்றக் கூடாது என்ற தடையுத்தரவு. இதற்கான கோர்ட் கட்டணம் சிறியது. குடியிருப்பவர் உரிமையாளராக இருக்க வேண்டியதில்லை. நிலைத்த அனுபவத்தில் இருப்பவரை உண்மையான உரிமையாளர்கூடச் சட்டத்தின் வழியாகத்தான் வெளியேற்ற முடியும் என்று, கர்நாடகத்திலிருந்து போன ராமே கவுடா வழக்கில் உச்ச நீதிமன்றம் இருபது வருடத்துக்கு முன்பே சொல்லிவிட்டது. வாங்கியவர் "எனக்குப் போகியம் பற்றித் தெரியாது" என்றும் தப்ப முடியாது. வீட்டில் ஒருவர் குடியிருப்பதே வாங்குபவருக்கு அறிவிப்பு என்பது சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் கருத்து. போய்க் கதவைத் தட்டி, எந்த உரிமையில் இருக்கிறீர்கள் என்று கேட்டிருக்க வேண்டும்.

இரண்டாவது, பணத்தை வசூலிக்கும் வழக்கு. இதற்குத் தொகைக்கு ஏற்ற கோர்ட் கட்டணம் உண்டு, வருடங்கள் ஆகும். வழக்குப் போட மூன்று வருட வரம்பும் இருக்கிறது.

இந்த வழியின் வலியையும் மறைக்கக் கூடாது. எங்கள் ஒப்பந்தம் பதிவாகவில்லை, முத்திரைத்தாளின் மதிப்பும் போதாது. அப்படிப்பட்ட ஆவணத்தைக் கோர்ட்டில் சாட்சியமாக வைக்க வேண்டுமென்றால் குறைந்த முத்திரைத் தீர்வையோடு அதன் பத்து மடங்கு அபராதமும் கட்ட நேரலாம் என்கிறது கர்நாடக முத்திரைச் சட்டம். அன்று சில ஆயிரங்களை மிச்சம் பிடித்ததற்கு வந்த வினை. வாய்தா வாய்தாவாகப் போவது, காலை பதினொன்றுக்குப் போய் மாலை வரை வராந்தாவில் உட்காருவது, எதுவும் எழுபது வயதுக்கு ஏற்றதில்லை. நான்தான் பெரும்பாலும் போனேன்.

ஆனால் முதல் வாரத்திலேயே ஒரு இடைக்காலத் தடை கிடைத்தது. அந்த ஒரு தாளின் நகலை ஸ்டேஷனில் கொண்டுபோய்க் கொடுத்த அன்று பெரியம்மா பல நாளுக்குப்பின் நிம்மதியாகத் தூங்கினார். ஸ்டேஷனில் குரல் உயர்த்தியவரிடம் வாதம் செய்வதைவிட, நீதிபதியின் கையெழுத்துள்ள ஒரு தாள் அதிகம் பேசும்.

வழக்கைப் போடாமல் காத்திருப்பவர்களுக்கு இன்னொரு மலிவான காவல் இருக்கிறது. கேவியட் மனு. எதிராளி நமக்கு எதிராகத் தடையுத்தரவு கேட்டால், நம்மைக் கேட்காமல் கோர்ட் உத்தரவு போடாது. 90 நாள் செல்லும், பிறகு புதிதாகப் போடலாம். போன் வந்த அன்றே செய்யக்கூடியது இது. ஒருவேளை வலுக்கட்டாயமாக வெளியேற்றியே விட்டார்கள் என்றால், ஆறு மாதத்துக்குள் தனிக்குறை தீர்வுச் சட்டத்தின் (Specific Relief Act) 6-ஆம் பிரிவில் வழக்குப் போட வேண்டும். அதில் யாருக்கு உரிமை என்ற கேள்வியே எழாது, யாரை வெளியேற்றினார்கள் என்பது மட்டும்தான். அந்த ஆறு மாதத்தைத் தவறவிட்டவர்களை நான் சந்தித்திருக்கிறேன்.

போலீஸ் வந்து வீட்டைப் பூட்டி முத்திரை வைத்துவிடுமோ என்று பயப்படுகிறவர்களுக்கு: விசாரணையின்போது சொத்தைக் கைப்பற்றும் அதிகாரம் நிலம், வீடு போன்ற அசையாச் சொத்துக்குப் பொருந்தாது என்று 2019-இல் நெவாடா பிராபர்ட்டீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. கைகலப்பு மூளும் என்றால் மட்டும், யார் அனுபவத்தில் இருக்கிறார் என்று பார்த்து உத்தரவிட நிர்வாக மாஜிஸ்திரேட்டுக்கு நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164-ஆம் பிரிவில் வழி இருக்கிறது. அங்கேயும் இரு தரப்பையும் எழுத்தில் கேட்டாக வேண்டும்.

உயர் நீதிமன்றம்

விதான சௌதாவுக்கு எதிரே உள்ள சிவப்புக் கட்டடம். எஃப்.ஐ.ஆர். பதியாமலே ஸ்டேஷன் தொல்லை தொடர்ந்தால் அரசியலமைப்பின் 226-இன் கீழ் ரிட் மனு போடலாம். உரிமையியல் தகராறில் தலையிட வேண்டாம், சட்டப்படி மட்டும் நடந்துகொள்ளுங்கள் என்ற அளவில் உத்தரவு கிடைக்கும். எஃப்.ஐ.ஆர். பதிந்துவிட்டால் அதை ரத்து செய்யக் கேட்பது நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528-ஆம் பிரிவு. எந்தெந்த நிலையில் ரத்து செய்யலாம் என்பதற்கு 1990-இன் பஜன்லால் தீர்ப்புதான் இன்றும் அளவுகோல். ஆனால் விசாரணையை ஆரம்பத்திலேயே முடக்கக் கூடாது என்று 2021-இல் நீஹாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றங்களுக்கே கடிவாளம் போட்டது. ஆகவே எளிதாகக் கிடைத்துவிடும் என்று எண்ணி இறங்கக் கூடாது. கைது பயம் இருந்தால் அதே சன்ஹிதாவின் 482-இன் கீழ் முன்ஜாமீன் தனியாகக் கேட்க வேண்டும். ஏழு வருடம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் கைது தானாக நடக்கக் கூடாது, காரணம் எழுத வேண்டும் என்று 2014-இல் அர்னேஷ் குமார் தீர்ப்பு சொன்னது நினைவில் இருக்கட்டும்.

வக்கீல் செலவு இங்கே அதிகம். எங்கள் விஷயத்தில் கடிதமும் தடையுத்தரவும் போதுமானதாக இருந்ததால் இந்தப் படி ஏறவில்லை. அழைப்பு நிற்காமல் இரவிலும் ஆள் வந்திருந்தால் யோசிக்காமல் ஏறியிருப்போம்.

எங்கள் வழக்கு முடிந்த விதம்

தடையுத்தரவுக்குப்பின் நீதிபதி இரு தரப்பையும் சமரசத்துக்கு அனுப்பினார். சித்தையா சாலையில் நியாய தேகுல கட்டடத்தில் பெங்களூர் சமரச மையம் 2007 முதல் நடக்கிறது. நான்கு அமர்வுகள். அங்கே ஒரு மேஜையைச் சுற்றி எல்லோருக்கும் ஒரே மாதிரி நாற்காலி. சமரசம் செய்பவர் பெரியம்மாவிடம் தமிழில் பேசினார். ஒவ்வொரு வரியையும் படித்துச் சொல்லி, புரிந்ததா என்று கேட்டு, புரியவில்லை என்றதும் மறுபடி சொன்னார். மகன்கள் ஐந்து லட்சம், மிச்சம், வீட்டை வாங்கியவர் மகன்களுக்குக் கொடுக்க வேண்டிய பாக்கியிலிருந்து நேராகப் பெரியம்மாவுக்கு, கடைசித் தவணை சாவி கை மாறும் அன்று வங்கிவழியாக. அதுவே கோர்ட்டின் தீர்ப்பாணை ஆயிற்று. முச்சலிக்கையும் இதுவும் பார்வைக்கு ஒரே அளவுத் தாள்தான். இதை மீறினால் கோர்ட் நிறைவேற்றி வைக்கும்.

வழக்கே போடாமலும் சமரசம் தேடலாம். சட்டப்பணிகள் ஆணைக்குழுவிடம் வழக்குக்கு முந்தைய லோக் அதாலத்துக்கு மனு கொடுத்தால் கட்டணம் இல்லை. அங்கே ஆகும் தீர்வுக்கு மேல்முறையீடு கிடையாது, ஆகவே ஒப்புக்கொள்ளும் முன் நன்றாக யோசிக்க வேண்டும். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. 15100 என்ற எண்ணில் கேட்கலாம். இந்த எண் அந்த வியாழக்கிழமை இரவு எங்களில் ஒருவருக்கும் தெரியாது.

2025 ஜூனில் பெரியம்மா மாடியைக் காலி செய்தார். இப்போது லிங்கராஜபுரத்தில், போகியத்துக்கே இருக்கிறார், இந்த முறை பதிவு செய்த பத்திரத்தோடு. சார்பதிவாளர் அலுவலகத்தில் அந்தக் கன்னடப் பத்திரத்தில் கையெழுத்துக் கேட்டபோது, பேனாவை வாங்காமல் என் பக்கம் திரும்பினார். "முதலில் படித்துச் சொல்லுப்பா" என்றார். வரிசையில் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். ஆறு பக்கத்தையும் படித்து முடிக்க இருபது நிமிடம் ஆயிற்று.